இங்கிலாந்தின் இடைக்காலத் தேவாலயங்களில் உட்சுவர்கள் ஏன் வெறும் வெள்ளையாக இருக்கின்றன?

கட்டிய காலத்தில் அப்படி இல்லை. எழுத்தறியாத ஊர்மக்களுக்காகச் சுவரெங்கும் ஓவியம் தீட்டியிருந்தார்கள். பீடப்பகுதிக்கு முன்னுள்ள வளைவின் மேல் பெரும்பாலும், உலக முடிவில் கிறிஸ்து எல்லோருக்கும் தீர்ப்பளிக்கும் இறுதித் தீர்ப்புக் காட்சி. தேவாலய உருவங்களைச் சிலை வழிபாடென்று ஒதுக்கிய சமயச் சீர்திருத்தத்தின்போது, குறிப்பாக 1547-இல் ஆறாம் எட்வர்டு அரசேறிய பின், எல்லாவற்றின் மேலும் சுண்ணாம்பு அடித்தார்கள். வேடிக்கை என்னவென்றால், அந்தச் சுண்ணாம்பே பல ஓவியங்களைக் காத்துவிட்டது.

சஃபோக் வட்டாரத்து வென்ஹாஸ்டனில் 1892-இல் திருப்பணி செய்தவர்கள், அந்த வளைவை அடைத்திருந்த, வெள்ளையடித்த பழம்பலகைகளைக் குப்பையென்று கல்லறைத் தோட்டத்தில் போட்டார்கள். இரவில் மழை. காலையில் பார்த்தால் வானவில் மேல் கிறிஸ்து, ஆன்மாவைத் தராசில் நிறுக்கும் வானதூதர் மிக்கேல், பக்கத்திலேயே காத்து நிற்கும் பேய்! நடுவில் சிலுவை வடிவில் வெற்றிடம். அங்கே பொருத்தியிருந்த மரச்சிலுவையைச் சீர்திருத்தத்தின்போதே பிடுங்கிவிட்டார்கள். என் கண் முதலில் போவது அந்த வெற்றிடத்துக்குத்தான்.