பேரில்லாத காசு: தேர்தல் செலவு பற்றி நீங்கள் கேட்டவை

நான் கணக்கு எழுதிப் பிழைச்ச ஆள், சட்டத்தரணி இல்லை. 2024 பொதுத் தேர்தலில யாழ்ப்பாணத்தில ஒரு சுயேச்சைக் குழுவுக்குச் செலவறிக்கை தயாரிச்சுக் குடுத்தனான். அந்தத் துணிவில "தேர்தல் காசு பற்றிக் கேளுங்கோ" எண்டு போன கிழமை எழுதினன். நினைச்சதை விடக் கனக்க வந்திட்டுது. ஒரே மாதிரியானதுகளைச் சேர்த்துப்போட்டு மறுமொழி சொல்லுறன்.

சுன்னாகத்திலிருந்து ஒரு கடைக்காரர்: ஐயா, என்ர கடை பிரைவேட் லிமிட்டெட் கம்பனியாப் பதிஞ்சது. கம்பனிக் கணக்கில இருந்து ஒரு வேட்பாளருக்குச் செக் எழுதினால் குற்றமோ?

இல்லை. 2023ஆம் ஆண்டின் 3ஆம் இலக்கத் தேர்தல் செலவினத்தை ஒழுங்குபடுத்தும் சட்டம் உள்ளூர்க் கம்பனியைத் தடுக்கேல்லை. அது தடுக்கிறது அரச திணைக்களம், கூட்டுத்தாபனம், உள்ளூராட்சி சபை. வெளிநாட்டு அரசு, சர்வதேச அமைப்பு, வெளிநாட்டில பதிஞ்ச கம்பனி. இங்க பதிஞ்சிருந்தாலும் பாதிப் பங்கோ அதுக்கு மேலயோ வெளிநாட்டவர் கையில உள்ள கம்பனி. பிறகு, ஆர் எண்டே தெரியாத ஆள். உங்கட கடை இதில ஒண்டுக்குள்ளயும் வராது. செக்காக் குடுக்கிறது இன்னும் நல்லம், தடயம் நிக்கும். பங்காளி இருந்தால் அவருக்கும் ஒரு சொல்லுச் சொல்லிப்போட்டு எழுதுங்கோ. அது உங்கட காசு மட்டுமில்லை.

மானிப்பாய்: நாங்கள் காசே குடுக்கேல்லை அண்ணை, வான் மட்டும்தான் குடுத்தனாங்கள். அதையும் கணக்கில காட்ட வேணுமோ?

காட்டத்தான் வேணும். நான் அறிக்கை செய்து குடுத்த குழுவின்ர தலைவர் தேர்தல் முடிஞ்சு ரெண்டாம் கிழமை ஒரு சொப்பிங் பையைக் கொண்டுவந்து என்ர மேசையில கவிழ்த்தார். நோட்டீஸ் அடிச்ச பற்றுச்சீட்டு இருக்கு, டீசல் துண்டு இருக்கு, சாப்பாட்டுப் பார்சலுக்கு ஒரு கடைக்காரர் சிகரெட் மட்டையில எழுதின கணக்கும் இருக்கு. "வான்?" எண்டு கேட்டன். "அது சும்மா தந்தது." "மண்டபம்?" "அதுவும் சும்மா." "ஸ்பீக்கர், ஜெனரேற்றர்?" "எங்கட பெடியன்ர." கூட்டிப் பார்த்தால் அவர் செலவழிச்சதை விடச் சும்மா வந்ததுதான் கூட. காசாத் தந்தாலும் பொருளாத் தந்தாலும் அது நன்கொடைதான். அதே வானை அண்டைக்கு வாடகைக்குப் பிடிச்சிருந்தால் என்ன வரும் எண்டு விசாரிச்சு, அந்தத் தொகையைப் பெறுமதியாப் போட்டு, தந்தவரின்ர பேரையும் எழுதினம். தலைவருக்கு அது பிடிக்கேல்லை. "பேர் போட்டால் அடுத்தமுறை தரமாட்டான்" எண்டார். எனக்கு இந்த விஷயம் முழுக்க விளங்கினது அந்த ஒரு வசனத்திலதான்.

செலவறிக்கை, தேர்தல் முடிவு அறிவிச்சு 21 நாளுக்குள்ள போக வேணும். பற்றுச்சீட்டை முதல் நாளிலயிருந்தே ஒரு கொப்பியில ஒட்டுங்கோ.

பேர் சொல்ல விரும்பாத ஒருவர்: 109 ரூபா எண்டு ஒரு கணக்குக் கதைச்சவை. அது என்ன?

2024 ஜனாதிபதித் தேர்தலுக்கு ஒரு வேட்பாளர் செலவழிக்கக்கூடிய உச்ச எல்லை ஒரு வாக்காளருக்கு 109 ரூபா எண்டு தேர்தல் ஆணைக்குழு வர்த்தமானியில போட்டது. பதிஞ்ச வாக்காளர் 1 கோடி 71 இலட்சத்து 40 ஆயிரத்து 354 பேர். பெருக்கிப் பாருங்கோ, ஒரு வேட்பாளருக்கு 186 கோடியைத் தாண்டும். பெரிய கட்சிக்கு அது கயிறு, சின்ன வேட்பாளருக்கு அது வானம். 2023 சட்டம் முதன்முதலாப் பாவனைக்கு வந்ததும் அந்தத் தேர்தலிலதான்.

கோண்டாவில்: டொரண்டோவில இருக்கிற மருமகன் எங்கட வேட்பாளருக்கு பேஸ்புக்கில விளம்பரம் 'பூஸ்ட்' பண்ணினவன், தன்ர கார்ட்டில. அது வெளிநாட்டுக் காசோ?

யாழ்ப்பாணத்துக்கே உரிய கேள்வி இது, ஏழு பேர் கேட்டிருக்கினம்.

தடைப் பட்டியல் வெளிநாட்டு அரசையும் அமைப்பையும் கம்பனியையும் பற்றித்தான் கதைக்குது. மருமகன் தனியாள். அதுக்காக "பிரச்சினையில்லை" எண்டு சொல்லிப்போட்டு நான் படுத்துக் கிடக்கமாட்டன். வேட்பாளருக்குத் தெரிஞ்சு நடந்தால் அது நன்கொடையும் அவற்ர செலவுமாக் கணக்கில ஏற வேணும், மருமகன்ர பேரோட. தெரியாமல் நடந்தால்தான் சிக்கல். சட்டம் கணக்குக் கேக்கிறது வேட்பாளரிட்டையும், கட்சிச் செயலாளரிட்டையும், சுயேச்சைக் குழுத் தலைவரிட்டையும்தான். வெளியில நிண்டு தன்பாட்டில செலவழிக்கிற ஆளைப் பிடிக்கிறது கஷ்டம். உண்டியலால, அதாவது வங்கிக்கு வெளியால ஆள்மாறி, வந்து கையில குடுபடுற காசு இன்னும் மோசம், அதுக்கு ஊரும் இல்லை பேரும் இல்லை. அப்பிடி வந்ததை வாங்கவே வேண்டாம்.

மருமகனிட்ட இதையும் கேளுங்கோ: அவற்ர நாட்டில அவர் என்ன செய்யேலும்? கனடாவில மத்திய தேர்தலுக்குக் கம்பனியும் தொழிற்சங்கமும் ஒரு சதம் குடுக்கேலாது, 2007இலயிருந்து முழுத்தடை. குடியுரிமையோ நிரந்தர வதிவிடமோ உள்ள தனியாள் மட்டும்தான் குடுக்கலாம், 2025இல ஒரு கட்சிக்கு வருஷத்துக்கு 1,750 டொலர் வரைக்கும். அங்க அவ்வளவு கட்டுப்பாட்டுக்குள்ள இருக்கிற எங்கட ஆக்கள் இங்கத்தைத் தேர்தலுக்குக் கணக்கில்லாமல் அனுப்பினம். சரி, விடுவம்.

திருநெல்வேலியிலிருந்து ஒரு சட்ட மாணவி: சேர், அமெரிக்காவில கம்பனி தேர்தலுக்குச் செலவழிக்கிறதைப் பேச்சுச் சுதந்திரம் எண்டு தீர்ப்புச் சொன்னவை தானே? காசு எப்பிடிப் பேச்சாகும்?

பிள்ளை, அதைக் கேட்டவுடன சிரிக்கிற ஆக்கள்தான் கூட. நானும் சிரிச்சனான். பிறகு அந்த வாதத்தை ஒழுங்கா வாசிச்ச பிறகு சிரிப்பு நிண்டிட்டுது.

முற்றவெளியில ஒரு கூட்டம் வைக்கிறீர் எண்டு வையும். அரசாங்கம் சொல்லுது: "நீர் என்னவும் பேசும், ஆனால் ஸ்பீக்கருக்கு ஒரு லீற்றர் டீசல்தான்." பத்து நிமிஷத்தில ஜெனரேற்றர் நிண்டிடும். உம்மட பேச்சைத் தடுத்ததோ இல்லையோ? 1976இல 'பக்லி எதிர் வலேயோ' வழக்கில அமெரிக்க உயர் நீதிமன்றம் போன வழி கிட்டத்தட்ட இதுதான்: சனத்திட்டப் போய்ச்சேர இந்தக் காலத்தில காசு வேணும், அதால செலவுக்கு எல்லை போடுறது பேச்சுக்கு எல்லை போடுறது. வேட்பாளரின்ர கையில குடுக்கிற நன்கொடைக்கு மட்டும் எல்லை போடலாம், அதில கைமாறு வாங்கிற ஊழல் பயம் இருக்கு எண்டினம்.

பேந்து 'சிட்டிசன்ஸ் யுனைட்டட்' வழக்கு. அந்தப் பேரில ஒரு இலாப நோக்கற்ற கூட்டுத்தாபனம் ஹிலாரி கிளின்டனைத் தாக்கிப் படம் எடுத்து, 2008 வேட்பாளர் தெரிவு நேரம் கேபிளில காட்ட வெளிக்கிட்டுது. 2002ஆம் ஆண்டுச் சட்டம் தேர்தலுக்குக் கிட்ட அப்பிடிக் காட்டுறதைத் தடுத்தது. விசாரணையில நீதிபதிகள் அரச சட்டத்தரணியைக் கேட்டினம்: ஒரு கம்பனி இதையே புத்தகமாப் போட்டால்? அதையும் தடுக்கலாம் எண்ட மாதிரி மறுமொழி வந்தது. வழக்கு சரிஞ்சது அந்த இடத்தில எண்டுதான் நான் நினைக்கிறன். புத்தகத்தைத் தடுக்கிறது எண்டால் ஆருக்குத்தான் பயம் வராது? எங்கட ஊருக்கு அது விளங்கும், நூலகம் எரிஞ்சதைப் பார்த்த சனம். 2010 ஜனவரி 21இல 5க்கு 4 எண்டு கம்பனிப் பக்கம் தீர்ந்தது. பெரும்பான்மைத் தீர்ப்பு நீதியரசர் கென்னடி, மறுப்பு நீதியரசர் ஸ்டீவன்ஸ்.

இங்க கனபேர் பிழை விடுகினம். கம்பனி வேட்பாளருக்கு நேரடியாக் காசு குடுக்கலாம் எண்டு அந்தத் தீர்ப்பு சொல்லேல்லை. 1907இல போட்ட அந்தத் தடை இண்டைக்கும் நிக்குது. வேட்பாளரோட சேராமல் தன்பாட்டில செலவழிக்கலாம் எண்டதுதான் தீர்ப்பு. அதே வருஷம் கீழ் நீதிமன்றமொண்டு இன்னொரு வழக்கில ஒரு படி மேல போக, எல்லையில்லாமல் சேர்த்துச் செலவழிக்கிற 'சூப்பர் பக்' அமைப்புகள் முளைச்சுது. இன்னொண்டு: செலவழிச்சவர் பேர் சொல்ல வேணும் எண்ட பகுதியை 8க்கு 1 எண்டு சரி எண்டவை. அதையும் சில அமைப்புகள் நன்கொடையாளர் பேரைச் சொல்லாமல் காசைக் கைமாத்தி ஓட்டையாக்கிப் போட்டினம்.

என்ர மனசுக்குச் சரி எண்டு பட்டது ஸ்டீவன்ஸ் தொட்ட ஒரு இடம்: கம்பனி பேசேக்க அது ஆரின்ர குரல்? பங்குதாரர் எல்லாரையும் கேட்டதோ? கொழும்புப் பங்குச் சந்தையில உள்ள கம்பனிகளில ஊழியர் சேமலாப நிதிக் காசும் போட்டிருக்கு. அப்பிடியொரு கம்பனி நாளைக்கு ஒரு கட்சிக்குக் காசு குடுத்தால், உம்மட அப்பாவின்ர சேமலாப நிதியும் ஒரு கரண்டி அதில போகுது. அவரை ஆர் கேட்டது? சுன்னாகத்து ஐயாவுக்குப் பங்காளியின்ர கதை சொன்னதும் இதுக்காகத்தான்.

அதே மாணவி: எங்கட அரசியலமைப்பில கம்பனி இப்பிடி வாதாடேலுமோ?

கஷ்டம். 14(1)(அ) உறுப்புரை பேச்சுச் சுதந்திரத்தை "ஒவ்வொரு பிரசைக்கும்" குடுக்குது. 12ஆவது எல்லா "ஆட்களுக்கும்" எண்டு சொல்லுது, வித்தியாசத்தைப் பாரும். அதுக்கும் மேல 15(7) மற்றவையின்ர உரிமைக்கும் பொது நலனுக்குமாகக் கட்டுப்பாடு போட இடம் விட்டிருக்கு. அமெரிக்காவில பேச்சுச் சுதந்திரத்தைக் காக்கிற முதலாந் திருத்தத்தில அப்பிடியொரு வாசல் எழுதியில்லை. கனடா உயர் நீதிமன்றம் 2004இல 'ஹார்ப்பர்' வழக்கில, வெளியாட்களின்ர செலவுக்கு எல்லை போடலாம் எண்டது. காசுக்காரன்ர சத்தத்தில மற்றவன்ர சத்தம் அமுங்கக்கூடாது எண்ட நியாயத்தில. நான் அந்தப் பக்கம்.

வல்வெட்டித்துறை: இந்தியாவில தேர்தல் பத்திரம் எண்டு ஒரு கதை நடந்ததே?

2018இலயிருந்து ஸ்டேட் வங்கியில பத்திரம் வாங்கிக் கட்சிக்குக் குடுக்கலாம், அதில பேர் இருக்காது. கம்பனி சராசரி இலாபத்தில 7.5 வீதத்துக்கு மேல குடுக்கேலாது எண்டிருந்த எல்லையையும் எடுத்துப் போட்டினம். 2024 பெப்ரவரி 15இல இந்திய உச்ச நீதிமன்றத்தின்ர ஐந்து நீதிபதிகள் அந்தத் திட்டத்தை ஒருமனதாத் தூக்கி எறிஞ்சினம்: வாக்காளருக்குத் தெரிய உரிமை இருக்கு எண்டு. மார்ச்சில பட்டியல் வெளிய வந்தால், முதலாமிடம் ஒரு லொத்தர்க் கம்பனி, 1,368 கோடி. அதில 509 கோடி தி.மு.க.வுக்குப் போனது.

அரியாலை: காசு உள்ளவன்தானே எப்பவும் வெல்லுவான்?

2024 நவம்பரில எங்கட மாவட்டத்து 6 ஆசனத்தில ஒண்டை எடுத்தது ஒரு சுயேச்சைக் குழு. நான் கணக்கெழுதின குழு இல்லை. எங்கட ஆக்களுக்குக் கட்டுப்பணமும் போச்சு.

சாவகச்சேரி: ஐயா, ஒரு வேட்பாளரின்ர அறிக்கையில நன்கொடையாளர் எண்டு என்ர பேரும் 3 இலட்சமும் கிடக்கெண்டு தெரிஞ்ச பெடியன் ஒருத்தன் சொன்னான். நான் ஒரு சதமும் குடுக்கேல்லை. என்ன செய்ய?

பேரில்லாத காசுக்கு உங்கட பேரை இரவல் எடுத்திருக்கினம் போல. சும்மா விட்டிடாதேங்கோ. முதல்ல அறிக்கையை நீங்களே பாருங்கோ, பெடியன் சொன்னதை நம்பி எழுத வேண்டாம். உண்மையெண்டால் "இந்தத் தொகையை நான் குடுக்கேல்லை" எண்டு தெரிவத்தாட்சி அலுவலருக்கு ஒரு பக்கக் கடிதம், பிரதி கொழும்புத் தேர்தல் ஆணைக்குழுவுக்கு. உங்கட வங்கிக் கணக்கின்ர அந்த மாசத்துக் கூற்றையும் வையுங்கோ, வருமான வரிக்காரர் வந்தாலும் உதவும். கச்சேரியில கையில குடுக்கிறதெண்டால் பிரதியில முத்திரை குத்தி வாங்குங்கோ. இல்லாட்டிப் பதிவுத் தபால், துண்டைத் தொலைச்சுப் போடாதேங்கோ.