போலோக்ல எத்தனை பேர்? (வாசகர் கடிதம்)

வணக்கம் அண்ணை,

நான் சுவிஸ்ல வின்டர்தூர் பக்கம் இருக்கிறன். என்னோட ஷிஃப்ட்ல வேலை செய்யிற பெடியன் ஒருத்தன் வட மசிடோனியாக்காரன், அல்பேனியன், தெதோவோவுக்குக் கிட்ட ஒரு கிராமம். வாற ஆகஸ்ட்ல தங்கச்சின்ர கலியாணத்துக்கு என்னையும் கூப்பிட்டிருக்கிறான். போக முதல் இடத்தைப் பற்றிக் கொஞ்சம் வாசிப்பம் எண்டு பாத்தால் 'போலோக் புள்ளிவிவரப் பிராந்தியம்' எண்டு ஒண்டு வருது. சனத்தொகை ஒரு இடத்தில 3,04,125, இன்னொரு இடத்தில 2,51,552, வேற ஒரு இடத்தில 3.2 லட்சம் மாதிரி. அவனிட்டக் கேட்டால் "எல்லாம் பொய், நாங்கள் நாலு லட்சம் இருப்பம்" எண்டு சிரிக்கிறான். எது சரி? இது மாகாணம் மாதிரி ஒண்டோ? எங்கட ஊர்க் கணக்கு மாதிரியே குழப்பமாக் கிடக்கு.

க., வின்டர்தூர்

தம்பி,

மாகாணம் இல்ல, அதை முதல்ல முடிச்சிடுவோம். அந்த நாட்டுல நாடாளுமன்றம் இருக்கு, கீழ நகராட்சிங்க இருக்கு, நடுவுல மாகாணம்னு ஒரு அடுக்கே கிடையாது. ஐரோப்பிய யூனியன்ல சேர வரிசைல நிக்கிற நாடுங்கறதால அவங்க கேக்குற அளவுல புள்ளிவிவரம் குடுக்கணும், அதுக்காக நாட்டை 8 துண்டா பிரிச்சு வச்சிருக்காங்க, போலோக் அதுல ஒண்ணு. பிராந்திய வளர்ச்சிப் பணத்தைப் பிரிக்கவும் அதே கோடுதான், 9 நகராட்சி மேயர்களும் ஒரு கவுன்சில்ல உக்காந்து பேசுவாங்க, அவ்ளோதான் அதோட அதிகாரம்.

ஆனா ஆபீஸ்ல ஸ்கேல் வச்சு கிழிச்ச கோடுன்னு நினைச்சுடாதீங்க. 2,416 சதுர கிலோமீட்டர், அதுல முக்கால் கதை ஒரு பள்ளத்தாக்குதான். வடமேற்குல ஷார் மலை சுவரு மாதிரி நிக்குது, 2,700 மீட்டருக்கு மேல போற சிகரம்லாம் உண்டு, மேற்கு ஓரத்துல அல்பேனியா எல்லைல இருக்குற கோராப் 2,764 மீட்டர், நாட்டுலயே உசரம். நாட்டோட பெரிய ஆறான வர்தார் கொஸ்திவார் பக்கத்துல வ்ருத்தோக்ங்கற ஊர்ல ஊத்தா கிளம்பி, கடைசில கிரீஸ்ல தெற்கால கடல்ல சேர வேண்டியது, முதல்ல வடகிழக்கா பள்ளத்தாக்கு முழுக்க ஓடி அப்புறம்தான் தலைநகர் ஸ்கோப்யே பக்கம் திரும்புது. உங்க நண்பரோட கிராமம் மலையடிவாரத்துல இருக்க நிறைய வாய்ப்பு இருக்கு, ஏன்னா ஊருங்க பூரா மலை ஓரமா வரிசையா இருக்கும், நடுவுல சமவெளி வயல். தெதோவோ பீன்ஸ்னா அந்த நாட்டுல தனி மவுசு, கல்யாணத்துல மண்சட்டில வரும், விட்டுடாதீங்க.

தென்மேற்குல மாவ்ரோவோ பக்கம் மட்டும் வேற உலகம். அங்க தண்ணி ராதிகா ஆத்துல இறங்கி ஏட்ரியாட்டிக் கடலுக்குப் போகும், அதுல ஒரு பகுதியை 1950கள்ல அணை கட்டி, குழாய்ல வ்ருத்தோக் மின்நிலையம் வரைக்கும் கொண்டுவந்து வர்தார்ல விட்டாங்க. ஒரு கடலுக்குப் போக வேண்டிய தண்ணி இன்னொரு கடலுக்குப் போகுது!

இப்ப உங்க நம்பருக்கு வருவோம். 3,04,125ங்கறது 2002 கணக்கெடுப்பு, 2,51,552 அடுத்து 2021ல எடுத்தது. நடுவுல 19 வருஷம் எதுவுமே இல்ல. 2011ல ஆரம்பிச்சாங்க, வெளிநாட்டுல ஒரு வருஷத்துக்கு மேல இருக்கறவங்களைச் சேக்கணுமா வேணாமான்னு சண்டை வந்து, எண்ணிக்கிட்டு இருக்கும்போதே கமிஷன் ராஜினாமா பண்ணிடுச்சு, அப்படியே நின்னுபோச்சு. அந்த 3.2 லட்சம் இடைல வந்த மதிப்பீடு. பழைய நம்பரை எடுத்து, பொறந்தவங்களைக் கூட்டி, செத்தவங்களைக் கழிச்சு, ஊரைவிட்டுப் போறேன்னு போலீஸ்ல பதிஞ்சவங்களையும் கழிக்கிறது. ஆனா சுவிஸ் போறவன் எவன் போலீஸ் ஸ்டேஷன் போய் எழுதிக் குடுத்துட்டுப் போறான்? வீடு இருக்கு, அட்ரஸ் இருக்கு, அடையாள அட்டை இருக்கு. அதனால பேப்பர்ல கூடிக்கிட்டே போச்சு, ஊர் காலியாகிக்கிட்டே போச்சு.

ஏன் இதுக்குப் போய் கமிஷன் கலையுற அளவுக்கு சண்டைன்னா, 2001ல அல்பேனிய ஆயுதக் குழுவுக்கும் அரசாங்கத்துக்கும் தெதோவோ மலையிலயே சண்டை நடந்துச்சு, அது ஓஹ்ரித் ஒப்பந்தத்துல முடிஞ்சுது. அந்த ஒப்பந்தப்படி 20 சதவீதத்துக்கு மேல பேசுற மொழிக்கு ஆட்சிமொழி அந்தஸ்து. 2002ல நாடு முழுக்க அல்பேனியர் 25 சதவீதம், போலோக்ல 73. அதனால ஒரு பக்கம் 20க்குக் கீழ இறக்கிடுவாங்களோன்னு பயம், இன்னொரு பக்கம் ஊர்லயே இல்லாதவனை எண்ணி ஏத்துறாங்கன்னு கோவம். 2021ல ஒரு வழியா ரெண்டு கணக்கும் போட்டாங்க. நாட்டுல குடியிருக்கறவங்க 18,36,713, வெளிநாட்டுல இருந்து பதிஞ்ச 2,60,606 பேரையும் சேத்தா 20,97,319. முதல் கணக்குல அல்பேனியர் 24.3 சதவீதம், ரெண்டாவதுல 29.5. நேர்ல எண்ண முடியாத 1,32,260 பேரை அரசாங்கப் பதிவேட்டுல இருந்து எடுத்தாங்க, அவங்க என்ன இனம்னு எழுதவே இல்ல, அதை வச்சு இன்னைக்கும் வாய்ச்சண்டை ஓடுது.

உங்க நண்பர் பொய்ன்னு சொல்றதுல எனக்கு உடன்பாடு இல்ல. அல்பேனியரைக் குறைச்சுக் காட்ட செஞ்சதுன்னா கிழக்குப் பிராந்தியத்தைப் பாக்கணும், அங்க அநேகமா எல்லாரும் மசிடோனியர்தான், 1,81,858ல இருந்து 1,50,234க்கு வந்துடுச்சு. சதவீதம் போட்டா போலோக் குறைஞ்ச அதே 17. எட்டுப் பிராந்தியத்துல ஸ்கோப்யே மட்டும்தான் ஏறியிருக்கு. கிழக்குல குழந்தை கம்மி, வயசானவங்க அதிகம், இளசுங்க தலைநகருக்கும் வெளிநாட்டுக்கும் போகுது. போலோக்ல குடும்பமாவே கிளம்பிட்டாங்க. இதுல ஒரு விஷயம் கவனிச்சேன். உங்க சுவிஸ்ல அந்தக் காலத்து சீசன் பெர்மிட் 9 மாசம்தானே, குடும்பத்தைக் கூட்டிவரக் கூடாது, அப்ப ஒரு வருஷத்துக்கு மேல வெளிய இருந்தாதான் கழிப்பாங்கங்கற விதிப்படி அந்த ஆள் ஊர்க்கணக்குலயே இருப்பான். பின்னாடி வருஷ பெர்மிட் கிடைச்சு மனைவி பிள்ளைங்களைக் கூப்பிட்டதும் ஒரு வீடே கணக்குல இருந்து எழுந்து போயிடுது. உங்க நண்பரோட நாலு லட்சம் அந்த வீடுங்களையும் சேத்ததுன்னா, அது வேற கேள்விக்கு பதில். அங்க குடியிருக்கறது எத்தனை பேர்னு கேட்டா, 2021 கணக்குப்படி 2,51,552தான்.

ஒட்டுமொத்தத்தை விட நகராட்சி நகராட்சியா பாருங்க, அதுலதான் விஷயம் இருக்கு. தெதோவோ 86,580ல இருந்து 84,770, கிட்டத்தட்ட அசையல, ரெண்டு பல்கலைக்கழகம் இருக்கு, சுத்துப்பட்டு கிராமத்துல இருந்து ஆள் வந்து சேருது. கொஸ்திவார் 81,042ல இருந்து 59,770. நாலுல ஒருத்தர் இல்ல! மாவ்ரோவோ ரொஸ்துஷா 8,618ல இருந்து 5,042. அந்த மலைப்பக்கம் இது புதுசும் இல்ல, கொத்தனார், தச்சர், ஆட்டுக்காரங்கன்னு ஆம்பளைங்க தலைமுறை தலைமுறையா வெளியூர் போய் சம்பாதிச்ச ஊருங்க. கலிச்னிக்னு ஒரு கிராமம், பழைய கல்வீடுங்க அழகா நிக்கும், 2002 கணக்குல அங்க குடியிருந்தது 3 பேர்.

யாழ்ப்பாணம் ஞாபகம் வந்ததுல தப்பில்ல. 1981க்கு அப்புறம் அங்க முழுசா எண்ணுனது 2012லதானே. யாழ் தேர்தல் மாவட்டத்துக்கு 2010ல 9 எம்.பி. சீட்டு, 2024ல 6. ஒரே வித்தியாசம், உங்க ஊர்ல சீட்டைக் குறைச்சது வாக்காளர் பதிவேடு, அங்க சண்டையே கணக்கெடுப்பை வச்சு.

ஆகஸ்ட்ல போறீங்கல்ல, தெதோவோல ஷாரெனா ஜாமியான்னு பூவேலை வரைஞ்ச மசூதி இருக்கு, வெளிச்சுவரையும் விட்டு வைக்கல, அதைப் பாத்துட்டு பக்கத்துல அரபாத்தி பாபா தெக்கேங்கற சூஃபி மடத்துக்கும் போங்க. ஒரு நாள் கிடைச்சா வ்ருத்தோக் ஊத்து, அப்படியே மாவ்ரோவோ ஏரி, அணைத் தண்ணி குறைஞ்சா பழைய தேவாலயம் ஒண்ணு வெளிய தெரியும். கலிச்னிக்ல ஊர்க் கல்யாணத் திருவிழா ஜூலைல, அது உங்களுக்குக் கிடைக்காது. ஸ்கோப்யே டிக்கெட்டை மட்டும் இப்பவே போட்டுடுங்க, சுவிஸ்ல இருக்குற அந்த ஊர்க்காரங்க பாதிப்பேர் அதே மாசம்தான் கிளம்புவாங்க.