பங்கு வழக்கு கோர்ட்டில், புகார் ஸ்டேஷனில்

கேள்வி: மார்த்தாண்டம் அருகே எங்கள் சித்தப்பாவுக்கு 34 சென்ட் ரப்பர் விளை உண்டு. அவரும் சித்தியும் காலமானபின், அவர்கள் மகனிடமிருந்து 2019-இல் ரோட்டோரமாக 12 சென்ட் கிரயம் வாங்கினேன். விளை முழுவதும் தனக்கே உரியது என்று பிரமாணத்தில் (கிரயப் பத்திரத்தில்) எழுதிக் கொடுத்தான். அவனுடைய தங்கை குழித்துறை நீதிமன்றத்தில் பாகப்பிரிவினை வழக்குப் போட்டிருக்கிறாள். இப்போது நாங்கள் இருவரும் பொய்ப் பத்திரம் தயாரித்து மோசடி செய்ததாகப் போலீசிலும் புகார் கொடுத்துவிட்டாள். சிவில் வழக்கு நடக்கையில் போலீஸ் தலையிடலாமா? நாங்கள் கிறிஸ்தவக் குடும்பம்.

- வாசகர், விளவங்கோடு வட்டம்

பதில்: சிவில் வழக்கு நிலுவையில் இருப்பது மட்டுமே போலீஸ் விசாரணைக்குத் தடையாகாது. புகாரில் சொல்லப்பட்ட சங்கதிகளை அப்படியே உண்மை என்று ஏற்றுக்கொண்டாலும் அவற்றில் குற்றத்தின் கூறுகள் இருக்கின்றனவா என்பதுதான் கேள்வி.

உங்கள் நிலைக்கு மிக நெருக்கமானது, முகம்மது இப்ராகிம் எதிர் பீகார் மாநிலம் வழக்கில் 2009-இல் உச்ச நீதிமன்றம் அளித்த தீர்ப்பு. ஒருவர் தம் பெயரிலேயே கையெழுத்திட்டு, தமக்கு உரிமையில்லாத சொத்தைத் தம்முடையது என்று எழுதி விற்றால், அது பொய் ஆவணம் தயாரித்ததாகாது என்றும், அதனால் ஏமாந்ததாகப் புகார் சொல்லக்கூடியவர் வாங்கியவரே தவிர உரிமை கோரும் மூன்றாமவர் அல்லர் என்றும் அது கூறுகிறது. ஆனால் தங்கையின் கையெழுத்தைப் போட்டோ, ஆள்மாறாட்டம் செய்தோ, அவள் பெயரை மறைத்து வாரிசுச் சான்று வாங்கியோ கிரயம் நடந்திருந்தால் கதை வேறு. உங்கள் கிரயத்துக்கு எந்த வாரிசுச் சான்று காட்டப்பட்டது என்பதை நீங்கள் எழுதவில்லை. முதலில் அதைத் தேடி எடுங்கள்.

குற்றமில்லை என்பதால் கிரயம் முழுவதும் நிலைக்கும் என்று நினைத்துவிடாதீர்கள். உயில் இல்லையென்றால், உச்ச நீதிமன்றத்தின் 1986-ஆம் ஆண்டு மேரி ராய் தீர்ப்புக்குப் பிறகு, கிறிஸ்தவ மகள்களுக்குச் சமபங்கு தராத பழைய திருவிதாங்கூர் வாரிசுரிமைச் சட்டத்தைக் காட்டி மகளை ஒதுக்க வழியில்லை; 1925-ஆம் ஆண்டு இந்திய வாரிசுரிமைச் சட்டப்படி அவளுக்கும் 17 சென்ட் சேரும். அவள் ஒருத்தி இருப்பது தெரியாமல் வாங்கினேன் என்று பெரியப்பா மகனாகிய நீங்கள் சொன்னால் எந்த நீதிபதியும் நம்பமாட்டார். இருந்தாலும், நீங்கள் வாங்கிய 12 சென்ட் அண்ணனின் பங்குக்குள் அடங்குகிறது. அந்தப் பகுதியை அவனுடைய பங்கிலேயே ஒதுக்கித் தருமாறு பாகப்பிரிவினை வழக்கிலேயே நீங்கள் கேட்கலாம். ரோட்டோரம் போய்விட்டதே என்பதுதான் தங்கையின் உண்மையான மனத்தாங்கல் என்றால், மதிப்பு வித்தியாசத்தைப் பணமாக ஈடுசெய்யவும் இடமுண்டு. வழக்கு முடியும்வரை அந்த நிலத்தை யாருக்கும் விற்க முயல வேண்டாம்.

ஸ்டேஷனிலிருந்து போனில் கூப்பிட்டால், எழுத்துமூலம் அழைப்பாணை கேளுங்கள். வந்தபின் போகாமல் இருக்காதீர்கள். சிவில் வழக்கின் எண்ணையும் பிரமாணத்தின் நகலையும் இணைத்து எழுத்தில் பதில் கொடுத்து, பெற்றுக்கொண்டதற்கு ரசீது வாங்குங்கள். அசல் பிரமாணத்தை மகஜர் (போலீஸ் கைப்பற்றியதற்கான எழுத்துப் பதிவு) எழுதாமல் ஒப்படைக்க வேண்டாம். யாருக்கு எத்தனை சென்ட் என்று தீர்மானிக்கும் அதிகாரம் இன்ஸ்பெக்டருக்கு இல்லை. 'சமாதானம்' என்று எழுதிவைத்த தாளில் அங்கே கையெழுத்திடவும் வேண்டாம். எஃப்.ஐ.ஆர். பதிவானால் முன்ஜாமீனுக்கு நாகர்கோவில் செஷன்ஸ் நீதிமன்றத்தை அணுகலாம். அதை ரத்துசெய்யக் கோரும் மனு உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளைக்குப் போக வேண்டும், அங்கே உங்கள் வக்கீல் முதலில் காட்ட வேண்டியதும் அந்த வாரிசுச் சான்றைத்தான்.