ஓர் இறாலின் பின்னால் போவது

அன்புள்ள அண்ணா,
நான் தண்டையார்பேட்டையில் இருக்கிறேன், கல்லூரியில் கடைசி வருடம். எங்கள் பகுதிச் சாப்பாட்டை வைத்து ஓர் ஆவணப்படம் எடுக்க ஆசை. அத்தோ, காசிமேட்டு மீன், பீஃப் கடைகள் என்று பட்டியல் வைத்திருக்கிறேன். நண்பர்களோ, "இதெல்லாம் யூடியூபில் நிறைய இருக்கு, வடசென்னைன்னா ரவுடியைக் காட்டு" என்கிறார்கள். உங்கள் படங்களில் நிலமும் சாப்பாடும் சேர்ந்தே வருகின்றன. நான் எங்கே தொடங்குவது?
க.

அன்புள்ள க.,

ரவுடிப் படம் வேண்டாம். அந்த ஒரு பிம்பத்தால் உங்கள் பக்கத்துப் பிள்ளைகள் வேலை கேட்கப் போகிற இடத்தில் ஊர்ப் பெயரைச் சொல்லவே தயங்குகிறார்கள்.

பட்டியலையும் குறைத்துவிடுங்கள். ஒரே பண்டத்தை எடுத்து, அது தட்டுக்கு வந்த வழியைப் பின்னோக்கித் தேடிப் போங்கள். அத்தோவையே பாருங்கள். பர்மாவில் 1962-ல் ராணுவ ஆட்சி வந்தது, 1964-ல் கடைகள் அரசுடைமை ஆயின. பிழைப்பை இழந்த தமிழர்கள் கப்பலேறிச் சென்னைத் துறைமுகத்தில் வந்து இறங்கினார்கள். அத்தோவும் அவர்களோடுதான் வந்தது. நூடுல்ஸையும் முட்டைக்கோஸையும் புளித்தண்ணீர் விட்டுக் கையாலேயே பிசைந்து தருகிறவரிடம், அவருடைய பாட்டி எந்த ஊரில் பிறந்தார் என்று கேளுங்கள். பாதிப் படம் அங்கேயே கிடைத்துவிடும்.

என்னைக் கேட்டால் இறாலைத்தான் எடுப்பேன். கொசஸ்தலை ஆறு கடலில் சேரும் எண்ணூர் கழிமுகத்தில், தண்ணீருக்குள் குந்தி, சேற்றைக் கையால் தடவியே இறால் பிடிக்கிறவர்கள் இருக்கிறார்கள். இரண்டு கையும் வேலைக்கு வேண்டும் என்பதால் பிடித்ததைப் போடும் பறிக்கூடையைப் பல்லில் கவ்விக்கொள்வார்கள். அதே சேற்றில்தான் அனல்மின் நிலையச் சாம்பலும் படிந்து கிடக்கிறது. 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயல் வெள்ளத்தோடு எண்ணெயும் கழிமுகத்தில் கலந்தது. படகும் வலையும் கறுத்துப்போயின, மீனவர்களே இறங்கிக் கையால் எண்ணெயை மொண்டு எடுத்தார்கள். எண்ணூர் மீன் என்றாலே மக்கள் வாங்கத் தயங்கினார்கள். இதையெல்லாம் விட்டுவிட்டு இறால் தொக்கை மட்டும் க்ளோசப்பில் காட்டினால் அது ஓட்டல் விளம்பரம் ஆகிவிடும். சாம்பலையும் எண்ணெயையும் மட்டும் காட்டி, அந்த வீட்டில் கொதிக்கும் குழம்பை விட்டுவிடுகிறவர்களும் உண்டு. எனக்கு அதுதான் இன்னும் வலிக்கும். எந்தச் சேற்றில் எந்த இறால் கிடக்கும், எதை எப்படிச் சமைத்தால் ருசி என்று இறால் பிடிக்கிறவர்கள் பெருமையாகப் பேசுவார்கள். எடிட்டிங்கில் அந்தப் பேச்சில் கை வைக்காதீர்கள்.

ஷூட்டிங் நேரத்தை அவர்களிடமே கேட்டுக்கொள்ளுங்கள். தண்ணீர் வற்றும் நேரம் தினமும் ஏறத்தாழ 50 நிமிடம் தள்ளிப்போகும், உங்கள் கால்ஷீட்டுக்கு அது நிற்காது. கேமரா போனே போதும். ஆனால் மைக்கை மட்டும் நல்லதாக வாடகைக்கு எடுங்கள், அங்கே காற்றும் லாரிச் சத்தமும் ஓயவே ஓயாது. படம் முடிந்ததும் முதலில் குப்பத்திலேயே திரை கட்டிப் போட்டுக் காட்டுங்கள். ஏதாவது ஒரு காட்சி வேண்டாம் என்று அவர்கள் சொன்னால் எடுத்துவிடுங்கள். அப்புறம் விழாக்களுக்கு அனுப்பலாம்.