கெண்டாமாவில் பந்து ஏன் கிண்ணத்தில் நிற்பதில்லை?

ஹட்டனிலிருந்து ஒருவர் கேட்டிருக்கிறார்: மாமா வெளிநாட்டிலிருந்து கொண்டுவந்த கெண்டாமாவில் (கிண்ணங்களும் நுனியில் கூர்முனையும் உள்ள மரக் கைப்பிடி, அதில் நூலால் கட்டிய துளையுள்ள பந்து; பந்தைக் கிண்ணத்தில் ஏந்துவதுதான் விளையாட்டு) மகன் என்ன செய்தும் பந்து கிண்ணத்தில் பட்டுத் தெறிக்கிறதாம். கையில் கோளாறா, சாமானில் கோளாறா?

இரண்டும் இல்லை, முழங்காலில்தான். பிள்ளைகள் மணிக்கட்டைச் சுண்டிப் பந்தை வீசுவார்கள். அது வளைந்துபோய் விளிம்பில் இடிக்கும். பந்து ஆடாமல் தொங்கட்டும். முழங்காலை மடக்கி, நிமிரும்போது நூலை நேரே மேலே இழுக்கச் சொல்லுங்கள். பந்து உச்சிக்குப் போய் இறங்கும்போது கிண்ணமும் அதோடு சேர்ந்து இறங்க வேண்டும். மோதும் வேகம் குறைந்தால் பந்து துள்ளாது. கிட்டிப்புள்ளில் பறந்துவரும் புள்ளைப் பிடிக்கிறவன் கையைப் பின்னுக்கு இழுப்பானே, அதே சூட்சுமம்.

பெரிய கிண்ணத்தில் தொடங்கட்டும். பந்தின் துளையைக் கூர்முனையில் ஏற்றுவதெல்லாம் அப்புறம். அதற்குப் பந்து சுழலவே கூடாது. முதலில் விரலால் பிடித்து நிறுத்திவிட்டுத்தான் இழுக்க வேண்டும்.

இதை ஜப்பான் சாமான் என்கிறோம். ஆனால் பிரான்சின் மூன்றாம் ஹென்றி மன்னருக்கு 16ஆம் நூற்றாண்டிலேயே இதன் உறவான பில்போக்கேயில் பைத்தியம். மூன்று கிண்ணமும் கூர்முனையும் சேர்ந்த இன்றைய வடிவம்தான் 1910களின் கடைசியில் ஹிரோஷிமா பக்கம் உருவானது.

லயத்து வாசல் சீமெந்துத் தரை என்றால் கீழே ஒரு சாக்கை விரித்துவிடுங்கள். மரப்பந்து சீக்கிரம் அடிபடும்.