அரசியல் படத்தில் எடிட்டருக்கு என்ன வேலை?

"அரசியல் படம் என்றால் இயக்குநரைத்தானே பேசுகிறோம், எடிட்டருக்கு அதில் பெரிதாக என்ன பங்கு?" என்று கேட்டிருக்கிறீர்கள். நான் கல்யாண வீடியோ வெட்டிப் பிழைப்பவன், சினிமாக்காரன் இல்லை. இருந்தாலும் இந்தக் கேள்வியைப் பார்த்ததும் எனக்கு ஒரே ஒரு பெயர்தான் ஞாபகம் வந்தது. பிரான்சுவாஸ் போனோ.

பிரான்ஸில் 1939இல் பிறந்தவர். அம்மா மோனிக் போனோவும் எடிட்டர், தொழிலை அவரிடமே கற்றுக்கொண்டார். இயக்குநர் கோஸ்டா காவ்ராஸின் 'இசட்' (1969) படத்துக்காக எடிட்டிங் ஆஸ்கர் வாங்கினார், அதுவும் 'மிட்நைட் கவ்பாய்' போட்டியில் இருந்த வருஷத்தில், ஒரு பிரெஞ்சு மொழிப் படத்துக்காக.

கிரீஸில் லாம்ப்ராகிஸ் என்ற எதிர்க்கட்சி எம்.பி. 1963இல் கூட்டம் முடிந்து வெளியே வந்தபோது மூன்று சக்கர வண்டியில் வந்தவர்கள் மண்டையில் அடித்துப் போட்டார்கள். போலீஸ் அதை விபத்து என்று மூடப் பார்த்தது, விசாரித்த மாஜிஸ்திரேட் விடவில்லை. அந்தக் கதைதான் படம். 1967இல் ராணுவம் ஆட்சியைப் பிடித்துவிட்டதால் அங்கே எடுக்க வழியில்லை, அல்ஜீரியாவின் தலைநகர் அல்ஜியர்ஸில் போய் எடுத்தார்கள்.

நான் திரும்பத் திரும்பப் பார்ப்பது கடைசிப் பகுதியை. போலீஸ், ராணுவ அதிகாரிகள் ஒவ்வொருவராக மாஜிஸ்திரேட் அறைக்கு வருகிறார்கள். பெயர் என்ன, தொழில் என்ன என்று அதே கேள்வி, நெஞ்சில் பதக்கங்கள், டைப்ரைட்டர் சத்தம், குற்றச்சாட்டு. வெளியே வந்தால் பத்திரிகைக்காரர்கள், தப்பிக்கப் போனால் பூட்டிய கதவு. அடுத்த ஆளுக்கும் இதேதான். முதல் ஆளைப் பார்க்கும்போது பதற்றமாக இருக்கிறது, மூன்றாவது ஆள் வரும்போது சிரிப்பு வந்துவிடுகிறது. அதிகாரம் எவ்வளவு அற்பமானது என்று யாரும் வசனம் பேசவில்லை, ஒரே வரிசையில் வெட்டி அடுக்கியதிலேயே அது வந்துவிடுகிறது. அது எழுத்திலும் இருந்திருக்கும், சரி, ஆனால் ஒவ்வொரு ஷாட்டையும் அரை நொடி கூடுதலாக விட்டிருந்தால் அந்தச் சிரிப்பு செத்திருக்கும் என்பதை எடிட்டிங் மேஜையில் உட்கார்ந்த எவனிடமும் கேட்டுப் பாருங்கள்.

அப்புறம் அடுத்த வருஷமே அதே இயக்குநருக்கு 'லாவூ' (வாக்குமூலம் என்று அர்த்தம்). 1952இல் பிராக் நகரில் கம்யூனிஸ்ட் ஆட்சி தன் தலைவர்களையே துரோகிகள் என்று விசாரித்து 11 பேரைத் தூக்கில் போட்டதே, அந்தக் கதை. இதில் 'இசட்'டின் வேகம் துளியும் இல்லை. நடிகர் இவ் மோந்தான் சிறையறைக்குள் நடக்கிறார், தூங்க விடமாட்டேன் என்கிறார்கள், மறுபடி நடக்கிறார், மறுபடி கேள்வி, பார்க்கிற நமக்கே கால் வலிக்கிறது. நடுவில் திடீரென்று பல வருஷம் தாண்டி, அவர் நண்பர்களிடம் இந்தக் கதையைச் சொல்லும் காட்சிக்குப் படம் தாவுகிறது. ஆள் பிழைத்துவிட்டார் என்று முன்பே தெரிந்துவிடுவதால், பிழைப்பாரா என்ற சஸ்பென்ஸ் போய், இவரை எப்படி ஒப்புக்கொள்ள வைத்தார்கள் என்பதே நம் கவலையாகிறது. 'இசட்' ராணுவ, போலீஸ் அதிகாரத்தைச் சாடுகிறது, 'லாவூ' கம்யூனிஸ்ட் ஆட்சியைச் சாடுகிறது. வலதுசாரி, இடதுசாரிச் சண்டையில் அரசியல் படத்தை ஒரு பக்கம் தள்ளிவிடப் பார்க்கிறவர்களுக்கு இந்த இரண்டு படங்களையும் சேர்த்துக் காட்ட வேண்டும்.

சிலி ராணுவப் புரட்சி பற்றிய 'மிஸ்ஸிங்' (1982) படத்துக்கு போனோ பாஃப்டா (பிரிட்டனின் திரைப்பட விருது) வாங்கினார். அரசியல் படம் மட்டும்தான் செய்வேன் என்று அவர் உட்கார்ந்துவிடவில்லை, மெல்வில், போலன்ஸ்கி போன்ற இயக்குநர்களின் படங்கள், பிற்காலத்தில் ஜூலி டேமரின் 'ஃப்ரீடா' வரைக்கும் போனார். 2018இல் காலமானார்.

பார்ப்பதாக இருந்தால் 'இசட்'டின் அந்த அதிகாரிகள் வரிசையை ஒருமுறை சத்தத்தை அணைத்துவிட்டுப் பாருங்கள், எங்கே கட் விழுகிறது என்று விரலால் எண்ணிக்கொண்டே. எனக்கு முதல் தடவை எண்ணிக்கை தவறிவிட்டது, கதைக்குள் போய்விட்டேன்.