ஷரீஸ், ஜேக் சைரஸ், அந்தக் குரல்: கேள்வி பதில்

துபாயில் வேலை பார்த்த பதினோரு வருஷமும் எனக்கு அடுத்த அறையில் பிலிப்பைன்ஸ்காரர்கள். வியாழன் ராத்திரி ஆனால் டிவியில் கரோக்கே மைக்கைச் செருகிவிடுவார்கள். பாடி முடித்ததும் திரையில் மார்க் வரும், 90-க்குக் கீழே வந்தால் கேலி தாங்காது. அங்கே தொற்றிய பைத்தியம் ஊருக்குத் திரும்பி மெல்லிசை சொல்லித்தர ஆரம்பித்த பிறகும் விடவில்லை. பிலிப்பைன்ஸ் பாடகர்களைப் பற்றிக் கேளுங்கள் என்று சொன்னதும் வந்த கேள்விகளில் பாதிக்கு மேல் ஒரே ஒருவரைப் பற்றி. அதனால் அவரிலிருந்தே தொடங்குகிறேன்.

கேள்வி: சார், ஓப்ரா வின்ஃப்ரே நிகழ்ச்சியில் ஷரீஸ் என்று ஒரு சின்னப் பெண் பாடியதைக் கல்லூரி நாளில் பார்த்திருக்கிறேன். இப்போது தேடினால் ஜேக் சைரஸ் என்று வருகிறது. இரண்டும் ஒரே ஆளா?

ஒரே ஆள்தான். 1992 மே 10-ல் பிறந்தவர். ஊர் மணிலாவுக்குத் தெற்கே, லகுனா மாகாணத்து கபுயாவ். உலகம் முதலில் அவரை அறிந்தது ஷரீஸ் பெம்பெங்கோ என்ற பெயரில். 2017-ல் தன்னைத் திருநம்பி என்று அறிவித்து, ஜேக் சைரஸ் என்று பெயரை மாற்றிக்கொண்டார். நான் ஜேக் என்றே எழுதுகிறேன். பழைய பதிவுகளைத் தேட மட்டும் உங்களுக்கு ஷரீஸ் என்ற பெயர் தேவைப்படும்.

இங்கிலீஷில் இவரைப் பற்றி எழுதுகிறவர்கள் 'ஹீ'யா 'ஷீ'யா என்று வரிக்கு வரி திண்டாடுவதைப் பார்த்திருக்கிறேன். நமக்கு 'அவர்' இருக்கிறது, கவலை இல்லை. அவருடைய தகாலோக் மொழியிலும் அப்படித்தான். அவனும் 'சியா', அவளும் 'சியா'.

கேள்வி: ஒரே ஒரு யூடியூப் வீடியோவில் ஸ்டார் ஆனார் என்கிறார்கள். அதிர்ஷ்டம்தானே அண்ணா?

இந்தக் கதையைக் கேட்டாலே எனக்கு எரிச்சல் வரும். வீடியோவுக்கு முந்தைய எட்டு வருஷத்தை யாரும் சொல்வதில்லை.

பிலிப்பைன்ஸில் ஊருக்கு ஊர் ஒரு காவல் புனிதர் உண்டு. அவருடைய திருநாள்தான் ஃபியஸ்டா. நம் ஊர்க் கொடைவிழா மாதிரி தெருவெல்லாம் தோரணம், வீட்டுக்கு வீடு விருந்து, ராத்திரி மேடையில் பாட்டுப் போட்டி. ஏழு வயதிலிருந்து ஜேக் இந்த மேடைகளில் ஏறினார். தாய் தனியாளாக இவரையும் தம்பியையும் வளர்த்தார். பரிசுப் பணம் வீட்டுச் செலவுக்குப் போனது. இப்படிக் கிட்டத்தட்ட நூறு போட்டிகள்.

போட்டிக்கு ஒரு 'மைனஸ் ஒன்' வேண்டும். பாடகர் குரலை எடுத்துவிட்டு வாத்தியம் மட்டும் இருக்கும் டிராக்கை அங்கே அப்படிச் சொல்வார்கள். கூட்டத்தையும் நடுவரையும் ஒரே பாட்டில் பிடிக்க வேண்டும் என்பதால் எல்லோரும் தேர்ந்தெடுப்பது உச்சஸ்தாயிக்குப் பேர்போன இங்கிலீஷ் பாடகிகள் விட்னி ஹூஸ்டன், செலின் தியோன் பாட்டுகள்தான். உச்சஸ்தாயியில் முழு பலத்தோடு நிற்பதை 'பிரிட்' என்பார்கள், அப்படிப் பாடுகிறவர் 'பிரித்தேரா'. பிரிட் வரும் இடத்தில் கூட்டம் கத்தினால் பரிசு. பத்து வயதுப் பிள்ளை வாராவாரம் இந்தப் பரீட்சையை எழுதினால் தொண்டை என்ன கற்றுக்கொள்ளும் என்று யோசித்துப் பாருங்கள்.

2005-ல் 'லிட்டில் பிக் ஸ்டார்' என்ற டிவி போட்டி. முதல் சுற்றிலேயே வெளியேற்றினார்கள். வைல்டு கார்டில் திரும்பி வந்து கடைசிவரை போய் மூன்றாம் இடம். அதற்குப் பிறகு பெரிதாக ஒன்றும் நடக்கவில்லை, அவர்கள் நாட்டிலேயே மறந்துபோனார்கள். 2007-ல் ஒரு ரசிகர் பழைய டிவி துண்டுகளை யூடியூபில் போட்டார். அந்த வருஷம் அக்டோபரில் தென் கொரியாவின் 'ஸ்டார் கிங்' டிவி நிகழ்ச்சி கூப்பிட்டது, டிசம்பரில் அமெரிக்காவில் எல்லன் டிஜெனரஸ் நிகழ்ச்சி. அடுத்த மே மாதம் ஓப்ரா. அப்போது ஜேக்குக்குப் பதினாறு வயது முடிந்து சில நாள்தான் ஆகியிருந்தது.

அதே 2007-ல்தான் ஜர்னி என்ற அமெரிக்க ராக் குழுவின் கிட்டாரிஸ்ட் நீல் ஷோன் யூடியூபில் தேடி, மணிலாவில் பாடிக்கொண்டிருந்த ஆர்னெல் பினேடாவைப் பிடித்துத் தன் குழுவின் முதன்மைப் பாடகர் ஆக்கினார். ஆர்னெலுக்கு அப்போது நாற்பது வயது, இளமையில் தெருவில் படுத்துத் தூங்கியவர். யூடியூப் கதவைத் திறந்தது, சரி. கதவுக்குப் பின்னால் அத்தனை வருஷமாக ஒருவர் தயாராக நின்றுகொண்டிருந்தார் அல்லவா?

கேள்வி: அவர் குரலில் அப்படி என்ன விசேஷம்? கத்துகிற மாதிரிதான் எனக்குக் கேட்கிறது.

கத்தலுக்கும் பிரிட்டுக்கும் உள்ள வித்தியாசத்தை ஒரு இடத்தை வைத்துச் சொல்கிறேன். ஓப்ராவில் பாடியது விட்னியின் 'ஐ ஹேவ் நத்திங்'. கடைசிப் பகுதிக்கு முன்னால் பாட்டு தணிந்து, ஒரு நொடி ஏறக்குறைய நின்றுவிடும். அங்கிருந்து ஸ்கேல் மேலே மாறும். புது ஸ்கேலின் உச்சத்தில் நேரே போய்க் குதிக்க வேண்டும், கீழேயிருந்து சறுக்கி ஏறினால் மானம் போய்விடும். என் வகுப்பில் நன்றாகப் பாடுகிறவர்களே அந்த இடத்துக்கு முன் தோளைத் தூக்கிப் பெரிதாக மூச்சை இழுப்பார்கள். இழுத்த மூச்சில் பாதி முதல் சொல்லிலேயே போய்விடும், அப்புறம் கத்தல்தான் மிச்சம்.

ஜேக் அந்த இடத்தைத் தாண்டுவதை ஒருமுறை கேளுங்கள். சுருதி பிடித்த பிறகுதான் குரலில் அசைவு சேர்கிறது, முன்னால் அல்ல. இது எந்த வகுப்பிலும் வந்த வித்தை கிடையாது, ஃபியஸ்டா மேடையில் அடிபட்டு வந்தது.

கேள்வி: டேவிட் ஃபாஸ்டர், செலின் தியோன் இவர்களெல்லாம் எப்படி வந்தார்கள்?

ஃபாஸ்டரைச் சேர்த்துவைத்தது ஓப்ரா. ஃபாஸ்டர் விட்னி, செலின் பாட்டுகளைத் தயாரித்தவர், 'ஐ ஹேவ் நத்திங்'கே அவர் இசையமைத்ததுதான். 2008 செப்டம்பர் 15 அன்று நியூயார்க் மேடிசன் ஸ்கொயர் கார்டனில் செலின் தன் கச்சேரியில் ஜேக்கை மேடைக்கு அழைத்து 'பிகாஸ் யூ லவ்டு மீ' பாட்டைச் சேர்ந்து பாடினார். ஜேக் அதைத் தன் தாய்க்குச் சமர்ப்பித்தார். ஃபியஸ்டாவில் யாருடைய குரலைக் கேட்டுக் கேட்டுப் பழகினாரோ, அவருக்குப் பக்கத்திலேயே நின்று பாடியது. எனக்கு அவருடைய வாழ்க்கையில் இதைவிடப் பெரிய காட்சி கிடையாது, பிறகு வந்த ஆல்பத்தையும் சேர்த்துத்தான் சொல்கிறேன்.

கேள்வி: அந்த ஆல்பம் ஓடவில்லையா?

ஓடியது. 2010 மே மாதம் 'ஷரீஸ்' என்ற பெயரிலேயே வந்து அமெரிக்க ஆல்பங்களின் பில்போர்டு 200 பட்டியலில் எட்டாம் இடத்தில் நுழைந்தது. ஆசியாவிலிருந்து ஒரு தனிப்பாடகர் அதில் முதல் பத்துக்குள் வந்தது அதுவே முதல் தடவை. அந்த வருஷமே 'க்ளீ' என்ற அமெரிக்க டிவி தொடரில் சன்ஷைன் கொராசோன் என்ற மாணவியாக நடித்தார்.

ஆனால் நிலைக்கவில்லை, அதற்கு என் கணக்கு இது. 2010-ல் அமெரிக்க வானொலியில் ஓடியதெல்லாம் நடன பீட். விட்னி காலத்துப் பெரிய பாலாட், அதாவது மெதுவான உணர்ச்சிப் பாட்டுக்கு மவுசு போய்விட்டது. தயாரிப்பாளர்கள் பயந்துபோய் அந்தக் குரலுக்கு 'பிரமிட்' மாதிரி நடனப் பாட்டுகளைக் கொடுத்தார்கள். புல்டோசரை வைத்துத் தோசை திருப்பின மாதிரி.

கேள்வி: கோபித்துக்கொள்ளாதீர்கள், இவர்கள் எல்லாம் காப்பிக்காரர்கள்தானே? சொந்தமாக என்ன இருக்கிறது?

கோபம் இல்லை, பாதி உண்மைதான். போட்டி ஒரு பிள்ளைக்கு அடுத்தவர் மாதிரிப் பாடத்தான் கற்றுத் தருகிறது. அந்த மாதிரி நன்றாகப் பாடினால் பணம் வரும்போது உன் மாதிரிப் பாடு என்று யார் சொல்வார்கள்? நம் ஊர் டிவி போட்டியிலும் "அப்படியே ஜானகியம்மா" என்றுதானே பாராட்டுகிறோம்.

ஆனால் லியா சலோங்காவைப் பாருங்கள். 1978-ல் ஏழு வயதில் மணிலா நாடக மேடையில் தொடங்கியவர். 'மிஸ் சைகோன்' என்ற இசை நாடகத்தின் தேர்வுக்குழு மணிலாவுக்கு வந்தபோது பதினேழு வயது, டாக்டராகும் எண்ணத்தில் படித்துக்கொண்டிருந்தார். 1989-ல் லண்டனில் கதாநாயகி கிம் வேடம், அதற்கு பிரிட்டனின் ஒலிவியே நாடக விருது. நியூயார்க்கின் பிராட்வே நாடக மேடைக்குப் போய் 1991-ல் டோனி விருது. டிஸ்னி 'அலாதீன்' படத்தில் ஜாஸ்மினின் பாட்டும், 'மூலான்' படத்தில் மூலானின் பாட்டும் அவர் குரல்தான். சிறுவயதிலிருந்தே அவருக்குப் பாட்டோடு ஒரு பாத்திரமும் கிடைத்தது. கிம்முக்காகப் பாடும்போது யாரையும் காப்பி அடிக்க முடியாது, அந்தப் பாத்திரத்தையே அவர்தான் முதன்முதலில் மேடையேற்றினார். ஜேக்குக்கு அப்படி ஒரு இடம் கடைசிவரை அமையவில்லை என்பது என் ஆதங்கம்.

கேள்வி: பிலிப்பைன்ஸ்காரர்களுக்கு மட்டும் எப்படி இவ்வளவு நல்ல குரல்? ரத்தத்திலேயே வருமோ?

ரத்தமும் இல்லை, மண்ணும் இல்லை. என் அடுத்த அறையில் ஒருவர் இருந்தார், பதினோரு வருஷத்தில் ஒருநாள்கூடச் சுருதியில் நின்றதில்லை, ஆனால் ஒரு வியாழனும் தவறாமல் பாடினார். அதுதான் காரணம். பாடத் தெரியாதவர் பாடினால் அங்கே யாரும் முகம் சுளிப்பதில்லை.

கூடவே வரலாறு. முந்நூறு வருஷத்துக்கு மேல் ஸ்பெயின், அதனால் தேவாலயப் பாட்டு. 1898 முதல் 1946 வரை அமெரிக்கா (நடுவில் ஜப்பான் பிடித்திருந்த சில வருஷம் தவிர), அதனால் இங்கிலீஷ், வானொலி, படைத்தள கிளப்புகள். ஆசியாவின் பெரிய ஹோட்டல்களில் மாலை நேரத்துப் பாட்டுக் குழு என்றால் நிறைய மணிலா முகங்களைப் பார்க்கலாம், இது பல தலைமுறையாக நடக்கும் பிழைப்பு.

கேள்வி: குடும்பத்தில் ஏதோ கொலை என்று படித்தேனே?

ஆமாம், 2011 அக்டோபர் கடைசியில் தந்தை கொல்லப்பட்டார். பல வருஷமாகப் பிரிந்து இருந்தவர். சிறுவயதில் வீட்டில் பார்த்த வன்முறையைப் பற்றி ஜேக்கே ஓப்ராவிடம் பேசியிருக்கிறார். இதற்கு மேல் நான் தோண்ட விரும்பவில்லை.

கேள்வி: அண்ணா, அப்படி ஒரு குரலை ஹார்மோன் எடுத்துக்கொண்டு இழந்துவிட்டாரே, மனசு ஆறவில்லை. திரும்ப வருமா?

வராது. பையன்களுக்குப் பதின்மூன்று பதினான்கு வயதில் குரல் உடைவதை மகரக்கட்டு என்போம் இல்லையா, டெஸ்டோஸ்டிரோன் எடுத்துக்கொள்ளும்போது ஏறக்குறைய அதே வேலை வளர்ந்த தொண்டையில் நடக்கிறது. குரல்நாண்கள் தடிக்கின்றன, சுருதி இறங்குகிறது. மருந்தை நிறுத்தினாலும் தடித்தது மெலியாது. பையன்களுக்குக் குரல்வளைக் கூடும் சேர்ந்து வளரும், வளர்ந்த பிறகு தொடங்குகிறவருக்கு அந்த அளவு வளராது. அதனால் ஐந்து கட்டையில் பாடியவர் ஒன்றோ இரண்டோ கட்டைக்கு இறங்கினால் மட்டும் போதாது. எந்தச் சுரத்தில் குரல் பிளக்கும், எங்கே மூச்சு வேண்டும் எல்லாவற்றையும் புதிதாகத் தேட வேண்டும்.

இழந்தார் என்று நாம் சொல்கிறோம். 2017-க்கு முன்னாலேயே அவருக்கு இந்த விளைவு தெரியும், தெரிந்தேதான் போனார். ரசிகர்கள் "எங்கள் குரலைத் திருப்பிக் கொடு" என்று எழுதியதைப் படித்திருக்கிறேன். யாருடைய குரல்? ஏழு வயதிலிருந்து அரிசிக்கும் வாடகைக்கும் உழைத்த குரல் அது. 2017-க்கு அப்புறம் வந்த 'ஹிலிங்' பாட்டைக் கேளுங்கள், தலைப்புக்கு வேண்டுதல் என்று பொருள். பெரிய உச்சம் எதுவும் இல்லை, நடுஸ்தாயியில் கொஞ்சம் கவனமாக நடக்கிற குரல். முதல் தடவை கேட்டபோது எனக்கும் ஏமாற்றமாகத்தான் இருந்தது, மறைக்க மாட்டேன். மூன்றாம் தடவைதான் ஒன்று பிடிபட்டது: இதில் விட்னியும் இல்லை, செலினும் இல்லை.

கேள்வி: என் மகளுக்கு எட்டு வயது. நன்றாகப் பாடுவாள். டிவி போட்டிக்கு அனுப்பலாமா சார்?

அனுப்புவது உங்கள் விருப்பம் அம்மா, மூன்று விஷயத்தை மட்டும் பாருங்கள். பெரியவர்கள் ஸ்கேலிலேயே பாட வைக்கிறார்களா? அப்படியானால் வேண்டாம், டிராக்கை அவள் சுருதிக்கு மாற்றித்தரச் சொல்லிக் கேளுங்கள், ஐந்து நிமிஷ வேலை. பாடி முடித்த மறுநாள் காலை குரல் கம்மியிருக்கிறதா? ஒருநாள் என்றால் பரவாயில்லை, இரண்டு வாரம் தாண்டினால் காது மூக்கு தொண்டை மருத்துவரிடம் காட்டுங்கள். அப்புறம், தோற்றுவிட்டு வீட்டுக்கு வரும் வழியில் காரில் பாடுகிறாளா என்று பாருங்கள். பாடினால் பயமில்லை.

கேள்வி: ஜேக்கை முதலில் எந்த வீடியோவில் தொடங்குவது?

2007 'ஸ்டார் கிங்'. கொரிய மொழி புரியாவிட்டாலும் பரவாயில்லை. 'ஷரீஸ் ஸ்டார் கிங்' என்று தேடுங்கள், ஹெட்போன் போட்டுக்கொள்ளுங்கள், ஒலியைக் கொஞ்சம் குறைத்தே வையுங்கள்.